கொள்ளை என்ற சொல்லின் பொருள் குறித்து ஆற்றுமருதூர் விடுக்கும் ஓலை

குவளைநாட்டுப் பேரரசரின் கோல் நிமிர்ந்து நிற்க. அவர் குளங்களில் நீரும் தொழுவங்களில் உயிரும் குறையாதிருக்க. எல்லைப்படைக்கு ஆணையிடும் அமைச்சர் வில்லவமுத்தரையர் காண, கருமணலாற்றுத் தென்கரையில் ஆற்றுமருதூரை ஆளும் பொறுப்பான நாட்டுக்கிழமையை ஏற்றிருக்கும் சேந்தி, மருதந்தையின் மனைவி, எழுதுவது. கைம்பெண் என்று எழுதவேண்டும் என்பதை அறிவேன். எழுதமாட்டேன்.

எங்கள் வீட்டில் கடைசியாக வழக்கம்போல் நடந்தது இது. காயப்போட்ட நெல்லைச் செவலைக் கோழி கிளறியது. "கொள்ளையில போறவளே, உனக்கு வேற எடமே இல்லியா!" என்று நான் முறத்தை வீசினேன். கோழிக்கூட்டடியில் குந்தி, எச்சத்தைக் குச்சியால் புரட்டிக்கொண்டிருந்த என் கணவர், "அவ நெல்லக் கிளறுறா, நான் பீயக் கிளறுறேன். ரெண்டு பேரையும் சேத்தே வைதுடு" என்றார். நான் சிரித்தேன். அவர் சிரிக்கவில்லை. குச்சி நுனியில் எச்சம் பச்சையாக, சுண்ணாம்பு கரைத்து ஊற்றியதுபோல் இருந்தது.

பொழுது சாய்வதற்குள் கோழிகள் கழுத்து முறுகி விழுந்தன. செத்த ஒன்றை அவர் கீறிப் பார்த்தார். இரைப்பையின் வாயில் இரத்தப் புள்ளிகள். குடல் வீங்கி வெந்திருந்தது. நாட்டுக்கிழான் என்ற முறையில் உடனே ஆணையிட்டார்: நோயுற்றதைத் தனியே அடைக்கவும், செத்ததை எரிக்கவும், இன்னும் நிற்பவற்றுக்கு மோரில் கரைத்த கஞ்சி மட்டும் கொடுக்கவும், துறையில் சுண்ணாம்புத் தொட்டி வைத்துக் கால் நனைக்காமல் எவரும் ஆற்றைக் கடவாதிருக்கவும். வயிற்றுக்குள் ஒரு படை இருக்கிறது, குடல் கெட்டால் அந்தப் படை சிதறும், பிறகு எந்த நோயும் கதவு தட்டாமல் நுழையும் என்பது அவர் சொல். வெளியிலிருந்து இன்னொரு படை வேண்டுமென்று அவர் கேட்கவில்லை.

அவர் தங்களுக்குச் சொல்லியனுப்பியது இவ்வளவே: மருதூரில் கொள்ளை புகுந்தது, எல்லையை அடைத்துக் காக்க. எங்கள் ஊரில் கொள்ளை என்றால் வாரிக்கொண்டு போகும் நோய். பிள்ளையை வைதாலும் கோழியை வைதாலும் எங்கள் வாயில் அந்தப் பொருளில்தான் வரும். தலைநகரில் கொள்ளை என்றால் களவு. களவு போகத்தக்க பொருள் அங்கே இருக்கிறது. எந்தக் கொள்ளை என்று தூதனிடம் ஒரு வார்த்தை கேட்க அவையில் ஒருவருக்கும் நாவெழவில்லை. கள்ளரைப் பிடிக்கப் படைத்தலைவன் ஏனாதி வீரங்கன் என்பவனைப் படையோடு, வேலும் வாளுமாக அனுப்பினீர்கள்.

வந்தவர்கள் கள்ளரைக் காணாமல் எங்கள் தொழுவங்களில் புகுந்தார்கள். தனியே அடைத்திருந்த கோழிகளை, கள்ளர் கவர்ந்து ஒளித்தவை என்று சொல்லி, கூண்டில் ஏற்றினார்கள். அந்தக் கூண்டுகளோடு, சாணமும் எச்சமும் ஒட்டிய கால்களோடு, கள்ளரைத் தேடி நோயறியாத வடகரைக்குப் போகத் துறைக்கு வந்தார்கள். என் கணவர் குறுக்கே நின்று, கூண்டை இறக்கிவிட்டுக் கால் நனைத்துப் போகுமாறு வேண்டினார். "கால் கழுவிக்கிட்டுப் போறதுக்கு நாங்க என்ன மாப்பிள்ளை அழைப்புக்கா வந்திருக்கோம்?" என்றான் ஏனாதி, படை சிரித்தது. "கூண்ட எறக்கு மாப்பிள்ளை, ஒங்காலை நானே கழுவுறேன்" என்றார் இவர். ஊரார் சிரித்தார்கள். அந்தச் சிரிப்பை ஏனாதி பொறுக்கவில்லை. வேல் அவர் வயிற்றில் இறங்கியது.

அதைக் கண்ட ஓடக்காரர்கள் ஓடங்களை வடகரைக்குத் தள்ளிக்கொண்டு போய்விட்டார்கள். ஆற்றைக் கடக்க முடியாத தங்கள் படை கூண்டுகளோடு வந்த வழியே திரும்பியது. அந்த வழியில் இன்று விடியலில் கூவ ஒரு சேவல் இல்லை. வடகரையில் கூவுகிறது.

இப்போது தங்கள் ஓலை வந்திருக்கிறது. கள்ளர்தலைவன் மருதந்தையை வென்றதாகக் கல் நாட்டுகிறீர்களாம். அந்த வெற்றி விருந்துக்கு வடகரைக் கோழிகளும் கிடாய்களும் வேண்டுமாம். அதற்கு ஓடத்துறையைத் திறக்க வேண்டுமாம். படித்தேன். கோழிக்கு நோய் வந்தால் எச்சத்தில் தெரிகிறது. அரசுக்கு வந்தால் கல்லில் வெட்டி நடுகிறார்கள்.

ஆகவே மருதூர் நாட்டுக்கிழமையின் ஆணை இது. மழை ஓய்ந்து, வெயில் ஏறி, தென்கரைத் தொழுவங்கள் காய்ந்து வெளுக்கும்வரை துறை திறவாது. வடகரையிலிருந்து ஓர் இறகும் விருந்துக்கு வராது. அதன்பின் கடப்பவர் எவராயினும், பேரரசரே ஆயினும், தொட்டியில் கால் நனைத்தே கடக்க வேண்டும். கல்லில் வெட்டிய கள்ளர்தலைவன் என்ற பெயரைத் தாங்களே கொத்தி எடுத்து, துறை காத்து மாண்ட நாட்டுக்கிழான் என்று வெட்டி, இத்துறையில் நடுக. அதுவரை மருதூரிலிருந்து தங்களுக்கு வாழ்த்து வராது. இவ்வோலையின் தலையில் உள்ள வாழ்த்து பேரரசருக்கு மட்டும் உரியது.

இது என் கையெழுத்து. மேழி இலச்சினை மோதிரம் அவர் விரலிலிருந்து கழற்றியது. அரக்கில் அழுத்தியது நான்.

செவலைக் கோழி நோயில் விழுந்து, மோர்க்கஞ்சி குடித்து எழுந்துவிட்டது. இதை எழுதும்போதும் முற்றத்து நெல்லைக் கிளறிக்கொண்டிருக்கிறது.