எடுக்காமல் விட்ட சிரிப்பு

காஞ்சிபுரம்
ஆவணி 14, சனிக்கிழமை

அன்புள்ள துர்காவுக்கு,

மாணிக்கவேல் எழுதிக்கொள்வது. நான் இங்கே நலமாகத்தான் இருக்கிறேன். அதைச் சொல்லவே கூச்சமாக இருக்கிறது. நீயும் ஜீவிதாவும் குழந்தையும் எப்படி இருக்கிறீர்கள் என்று கேட்டு அனுப்பிய செய்திகளை நீ திறந்துகூடப் பார்க்கவில்லை. போனையும் எடுப்பதில்லை. அதனால் தாளில் எழுதுகிறேன். திங்கட்கிழமை ஓசூரில் கொடுத்துவிடுவதாகக் கூரியர்காரர் சொல்கிறார். மாப்பிள்ளை கையில் கிடைத்தாலும் பிரிக்காமல் உன்னிடம் தருவார். அந்த மரியாதை அவரிடம் உண்டு.

வீட்டுச் செய்தி: உன் சொசைட்டி ஆபீசிலிருந்து நதியா வந்திருந்தாள். விடுப்பை இன்னும் பதினைந்து நாளுக்கு நீட்டிக்க வேண்டுமென்றால் நீ எழுதி அனுப்ப வேண்டுமாம். சிலிண்டர் தீர்ந்து மாற்றிவிட்டேன். உன் தம்பி ஆனந்தராஜ் வந்தான், உட்காரவில்லை. வாசலில் நின்றபடியே, "இன்னா மாமா, நீங்க செத்துச் செத்துப் பொழைக்கிறது பத்தாதா? இப்ப பச்சக் கொழந்த உசுரோடயா வெளையாடறது?" என்று கேட்டான். பொணமா நடிக்கிறதில் எங்க மாமாவை அடிச்சிக்க ஆளில்லை என்று இருபது வருடமாக ஒவ்வொரு விசேஷத்திலும் சொல்லிச் சிரித்தவன் அவன். ஒன்றையும் நான் மறக்கவில்லை.

நடந்ததை அன்று உன்னிடம் பாதிதான் சொன்னேன். மீதியையும் சொல்லிவிடுகிறேன்.

இருபத்து நான்கு வருடத்தில் இருபத்து மூன்று படம், எல்லாம் பேய்ப்படம். பதினெட்டு நாளில் எடுத்து முடித்து, ஒரு வாரம் காலைக் காட்சி ஓடி, பிறகு யாரும் தேடாத ஏதோ ஒரு செயலியில் போய்ப் படுத்துக்கொள்ளும் படங்கள். அவற்றில் பதினெட்டில் செத்திருக்கிறேன். கிணற்றில், மின்கம்பியில், கோயில் குளத்தில். எம்.ஏ. வரலாறு படித்தவனுக்கு வாய்த்த வேடங்கள் வாட்ச்மேன், மணியக்காரர், பேயை நம்பாத வாத்தியார். நம்பாதவன்தான் முதலில் சாவான். அது அந்தப் படங்களின் சட்டம். பஸ் ஸ்டாண்டு டீக்கடைக்காரர் இப்போதும், "இன்னா சார், இந்தப் படத்துலயாவது இன்டர்வெல்லைத் தாண்டுவீங்களா?" என்றுதான் கேட்கிறார்.

ஜீவிதாவின் வளைகாப்பு முடிந்த அன்று நீ என்னிடம் வாக்கு வாங்கினாய். "புள்ளத்தாச்சி இருக்கிற வூட்ல ஆம்பள பாடையத் தூக்கவே கூடாதுன்னுவாங்க. நீங்க அதுல ஏறிப் படுத்துக்கிறீங்க. குழந்தை பொறக்கிற வரைக்கும் வேணாம்" என்றாய். சரி என்றேன். அதன்பிறகுதான் டைரக்டர் தேவேந்திரன் கூப்பிட்டான். அவனுடைய முதல் இரண்டு படங்களுக்கு வசனத்தைத் திருத்திக் கொடுத்தவன் நான். டைட்டிலில் நன்றி என்றுகூட என் பெயர் வரவில்லை. "இதுல நீங்க கடைசி வரைக்கும் உயிரோட இருக்கீங்க சார்" என்றான். நம்பித்தான் தென்னேரிக்கு ஷூட்டிங் போனேன்.

மூன்றாம் நாள் ஏரிக்கரையில் கதையை மாற்றினான். சாக வேண்டிய நடிகர் வரவில்லை, நீங்களே செத்துவிடுங்கள் என்றான். என்னைக் கட்டாயப்படுத்தினார்கள் என்று உன்னிடம் சொன்னேன். அது பொய், துர்கா. முடியாது என்று சொல்லிவிட்டு ஷேர் ஆட்டோ பிடித்து வந்திருக்கலாம். தேவேந்திரன் அதற்கும் தயாராகத்தான் இருந்தான். ஆனால் சாவதற்கு முன்னால் நான்கு நிமிடம் பேச வைக்கிறேன், வெட்டாமல் ஒரே ஷாட்டில் எடுக்கிறேன் என்றான். இருபத்து நான்கு வருடத்தில் என் முகத்தை யாரும் தொடர்ந்து நான்கு நிமிடம் பார்த்ததில்லை. வசனத்தை மரத்தடியில் உட்கார்ந்து நானே எழுதினேன். பேசி முடித்தபோது லைட் பிடித்திருந்தவர்கூட அசையாமல் நின்றார். அதன்பிறகு கால் கட்டைவிரல்களைக் கட்டி, நெற்றியில் காசு ஒட்டி, பாடையில் படுக்க வைத்தார்கள்.

பிணமாக நடித்தவர், சாவு ஒட்டிக்கொள்ளாமல் இருக்க, எழுந்ததும் அதே கேமராவைப் பார்த்துச் சிரிக்க வேண்டும், அதையும் பதிவு செய்ய வேண்டும் என்பது எங்கள் வழக்கம். இதற்கு முந்தைய பதினெட்டு முறையும் செய்திருக்கிறேன். உனக்கும் தெரியும். அன்று ஷாட் முடிந்ததும் மழை பிடித்துக்கொண்டது. கேமராவைத் தார்ப்பாயில் சுருட்டிக்கொண்டு எல்லாரும் வேனுக்கு ஓடினார்கள். கால்கட்டை நானே குனிந்து அவிழ்த்தேன்.

வீட்டுக்கு வந்ததும் நெற்றியில் காசு ஒட்டிய வட்டத் தடத்தைப் பார்த்தாய். நீ கத்தவில்லை. "சிரிச்சீங்களா?" என்று மட்டும் கேட்டாய். கேமராவுக்கும் கருவுக்கும் என்ன சம்பந்தம் என்று உனக்குப் பாடம் நடத்தினேன். ஒன்பதாம் நாள் விடியற்காலை, எட்டாம் மாதத்திலேயே பனிக்குடம் உடைந்துவிட்டது என்று மாப்பிள்ளை ஓசூரிலிருந்து போனில் சொன்னார். நீ முதல் பஸ் பிடித்துப் போய்விட்டாய். உன்னோடு கிளம்பிய என்னிடம், "நீங்க வரவேணாம்" என்றாய். கடைசியாக நீ என்னிடம் பேசியது அதுதான்.

போன திங்கட்கிழமை சாலிகிராமத்தில் தேவேந்திரனின் அலுவலகத்துக்குப் போனேன். அந்தச் சிரிப்பை இப்போது எடுக்க வேண்டும் என்றேன். எனக்கே நம்பமுடியவில்லை. "சார், நீங்களா? நீங்கதானே பூசணிக்கா ஒடைக்கிறதுக்கே லெக்சர் அடிப்பீங்க" என்று அவன் சிரித்தான். அவன் நன்றாகச் சிரிக்கிறான். போனில் எடுத்துவிடலாமே என்று உதவியாளர் ஒருவர் சொன்னார். அதே கேமராதான் வேண்டும் என்று அவரிடம் சண்டைக்குப் போனேன். நம்பாதவனாக இருந்தாலும் செய்வதைச் சரியாகச் செய்ய வேண்டும் அல்லவா. கேமரா வாடகைக்குப் போய்விட்டதாம். எங்கே என்று விசாரித்தால், நம் ஊருக்கே வந்திருக்கிறது. பட்டுச்சேலை விளம்பரம் ஒன்றை ஒரு கல்யாண மண்டபத்தில் எடுக்கிறார்கள்.

நேற்று காலை எட்டு மணிக்கு அந்த மண்டபத்துக்குப் போய் உட்கார்ந்தேன். கேமராமேன் முத்துக்குமார் என்னை அடையாளம் கண்டுகொண்டு, சாப்பாட்டு வேளையில் இரண்டு நிமிடம் தருகிறேன் என்றான். தென்னேரியிலும் அவன்தான் கேமராமேன். ஒன்றரை மணிக்கு வாழைமரத்துக்கும் குத்துவிளக்குக்கும் நடுவில் என்னை நிறுத்தினான். எனக்குச் சிரிக்க வரவில்லை. எத்தனை விதமாக வேண்டுமானாலும் சாகத் தெரிகிறது, இது வரவில்லை. இரண்டு தடவை பல்லைக் காட்டினேன். "சார், நடிக்கிறீங்க. சும்மா சிரிங்க" என்றான். பந்தியில் பரிமாறிக்கொண்டிருந்தவர்கள் சாம்பார் வாளியோடு எட்டிப் பார்த்தார்கள்.

பிறகு அவன் பேச்சுக்கொடுப்பதற்காக, "பேரனா, பேத்தியா சார்?" என்று கேட்டான்.

எனக்குத் தெரியாது, துர்கா. மாப்பிள்ளை தினமும் ஒரு வரி அனுப்புகிறார். குழந்தை ஆயிரத்து நானூறு கிராம். குழந்தை குழாய் வழியாகப் பால் எடுத்தது. குழந்தையைக் கண்ணாடிப் பெட்டியிலேயே வைத்திருக்கிறார்கள். பதினொரு நாளில் யாரும் சொல்லவில்லை, வெட்கத்தில் நானும் கேட்கவில்லை. "தெரியலப்பா" என்றேன். சொன்னதுமே சிரித்துவிட்டேன். கண்ணிலிருந்து தண்ணீரும் வந்தது. அதைச் சிரிப்பில் சேர்க்கலாமா என்று தெரியவில்லை. முத்துக்குமார், "போதும் சார், வந்துடுச்சு" என்று கேமராவை அணைத்தான். கையைப் பிடித்து நாற்காலியில் உட்கார வைத்து ஒரு டம்ளர் மோர் கொடுத்தான்.

எனக்கு நம்பிக்கை வந்துவிட்டது என்று எண்ணாதே. குழந்தையைக் காப்பாற்றப்போவது டாக்டர்கள்தான். ஆனால் அன்று நீ ஒரு கேள்வி கேட்டாய், நான் பாடம் நடத்தினேன். இப்போது பதில் சொல்கிறேன்: சிரித்துவிட்டேன். இன்னொன்றையும் மறைக்காமல் சொல்ல வேண்டும். அந்த நான்கு நிமிடத்தைப் படத்திலிருந்து எடுத்துவிடு என்று தேவேந்திரனிடம் கேட்க நினைத்துத்தான் போனேன். படிக்கட்டில் ஏறும்போதும் நினைத்தேன், இறங்கும்போதும் நினைத்தேன். நடுவில் கேட்கவில்லை. என்னை மன்னிப்பதானால் அதையும் தெரிந்துகொண்டு மன்னி.

ஜீவிதாவிடம் அப்பா எழுதினார் என்று சொல். உடம்பு தேறும்வரை அவளை நடக்கவிடாதே. நீயும் ஆஸ்பத்திரி வராந்தாவில் வெறும் தரையில் படுக்காதே, உனக்கு இடுப்பு தாங்காது. சம்பந்தியம்மா என்னைப் பற்றி என்ன சொன்னாலும் மறுத்துப் பேசாதே. அவர்கள் சொல்வது சரியாகவே இருக்கலாம்.

என்னை அங்கே வரச்சொல்ல வேண்டாம். போனை எடுக்கவும் வேண்டாம். ஆணா, பெண்ணா, அந்த ஒரு வார்த்தையை மட்டும் எழுதி அனுப்பு. இங்கே சாமிப் படத்தின் முன்னால் நின்று யாருக்காகக் கேட்கிறேன் என்று சொல்லத் தெரியாமல் நிற்கிறேன். அதுவரை குழந்தை என்றே சொல்கிறேன். குழந்தை நூறு வருடம் இருக்கட்டும்.

இப்படிக்கு,
உன் மாணிக்கவேல்