கிழமை காட்டும் கடிகாரம்

அன்பு மகள் சின்னக்கண்ணுவுக்கு அம்மா எழுதுவது. இங்கே உடம்புக்கு ஒன்றும் இல்லை, மனசுதான் ஓரிடத்தில் உட்கார மாட்டேன் என்கிறது. நீயும் மாப்பிள்ளையும் நன்றாக இருந்தால் எனக்கு அது போதும். போனில் சொன்னால் அப்பா காதில் விழும், அதனால் எழுதுகிறேன்.

அப்பாவுக்குக் காலை எது மாலை எது என்றே தெரியவில்லை என்று நான் புலம்பியதைக் கேட்டு மேஜைக் கடிகாரம் அனுப்பினாயே, ரேடியோ அலையைப் பிடித்துத் தானே நேரத்தைச் சரிசெய்துகொள்ளும் என்று, அது வந்து சேர்ந்தது. கொட்டை எழுத்தில் கிழமையும் காட்டுகிறது. அப்பா கண்ணில் படட்டும் என்று டி.வி. பக்கத்தில் வைத்தேன். கோபுரம் மாதிரி ஒரு குறி மினுக்கிக்கொண்டே இருந்ததே தவிர நேரத்தைப் பிடிக்கவில்லை. நான் சும்மா இருக்கிறேனா, பேட்டரியைக் கழற்றுவதும் மாட்டுவதுமாக இருந்தேன், ஒவ்வொரு தடவையும் அது நள்ளிரவு பன்னிரண்டிலிருந்து ஓட ஆரம்பித்தது. வியாழக்கிழமை அப்பா மதியத் தூக்கத்திலிருந்து எழுந்தபோது காலை ஐந்து என்று காட்டியிருக்கிறது. நான் மாடியில் துணி உலர்த்திவிட்டு இறங்கி வந்தால் கதவு ஆவென்று திறந்து கிடக்கிறது, ஆளைக் காணோம், பீரோவிலிருந்த பழைய டிரைவர் சட்டையையும் காணோம். செருப்புகூட மாட்டாமல் பஸ் டிப்போவுக்கு ஓடினேன். பொத்தானை மாற்றிப் போட்டுக்கொண்டு பெஞ்சில் உட்கார்ந்திருந்தார். காவலாளி என்னைத் தனியே கூப்பிட்டு, "முதல் வண்டிய எடுக்கணும், சாவி குடுன்னு கேட்டாரும்மா, வண்டி சர்வீசுக்குப் போயிருக்குன்னு சொல்லி உக்கார வச்சேன்" என்றார். அந்த மனிதர் நன்றாயிருக்கட்டும். வழியெல்லாம் அப்பா, "லேட்டாயிடுச்சு, ஜனங்க நின்னுக்கிட்டிருப்பாங்க" என்றே சொல்லிக்கொண்டு வந்தார்.

மறுநாள் பக்கத்துத் தெரு ரேடியோ ரிப்பேர்க்காரியிடம் தூக்கிக்கொண்டு போனேன். "கடிகாரத்துக்கு ஒண்ணுமில்லக்கா, உங்க கைதான் சும்மா இருக்க மாட்டேங்குது" என்று சிரித்தாள். டி.வி. கிட்டே வைத்தால் அலை குழம்புமாம், ஜன்னலோரம் வைத்து விடியும்வரை தொடவே கூடாதாம். வைத்தேன். நேரம் பிடிப்பதற்குள் அப்பா பார்த்துவிடப் போகிறாரே என்று மேலே துண்டைப் போட்டு மூடினேன். படுத்தேனே தவிர தூங்கவில்லை. விடிந்து நான் போவதற்குள் அவரே துண்டை விலக்கிவிட்டு நிற்கிறார். மினுக்கல் நின்றிருந்தது, நேரம் சரியாக இருந்தது. எழுத்துக் கூட்டி "சனிக்கிழமை" என்று படித்தார். அப்புறம் என் பக்கம் திரும்பி, "புள்ள இன்னிக்குத்தானே பேசுவா" என்றார். எத்தனை மாதமாயிற்று அவர் இப்படிக் கேட்டு. குளித்துத் தலை வாரிப் போன் பக்கத்தில் உட்கார்ந்தவர், இருட்டியும் எழுந்திருக்கவில்லை. உனக்கு வேலை இருந்திருக்கும், குறையாகச் சொல்லவில்லை.

இருவரும் நோய் நொடியில்லாமல் நீண்ட நாள் இருங்கள். வேளைக்குச் சாப்பிடு. வரும் சனிக்கிழமை ஒரு நிமிஷமாவது பேசு கண்ணு, அப்பாவுக்கு இப்போது கிழமை தெரிகிறது.

உன்னையே நினைத்திருக்கும்
அம்மா