சம்பந்தி வீட்டைச் சொத்து என்று எழுதியது

அனுப்புநர்:
வாயாடி (அட்டையில் வேறு பெயர் இருக்கிறது, அதைச் சொல்லி விசாரித்தால் எங்கள் குடியிருப்பில் யாருக்கும் தெரியாது),
தேன் எடுப்பவரின் மனைவி, கூடை முடைபவள்,
மூங்கில் காட்டை ஒட்டிய குடியிருப்பு.

பெறுநர்:
விசாரணை அலுவலர் அவர்கள்,
வன நில அலுவலகம், மாடி அறை.

பொருள்: விசாரணையில் நான் சொன்ன பதிலைத் தவறாக எடுத்துக்கொண்டு எங்களைக் காலி செய்யச் சொன்ன உத்தரவை நிறுத்தி, மறுபடியும் விசாரிக்கக் கேட்பது தொடர்பாக.

மரியாதைக்குரிய ஐயா,

வணக்கம். நான் மூன்றாம் வகுப்போடு நின்றவள். எழுத்துப் பிழை வந்தால் பெரிய மனது பண்ணித் தாண்டிப் போகவும்.

1. போன மாதம் எங்கள் ஆட்கள் எல்லோரையும் தங்கள் மாடி அறைக்கு வரவழைத்து விசாரித்தீர்கள். நாற்காலி போதாமல் பாதிப் பேர் சுவரோரம் நின்றோம். மின்விசிறி தங்கள் தலைக்கு மேல் மட்டும் சுற்றியது. அதைக் குறையாகச் சொல்லவில்லை, வேலை தங்களுக்குத்தானே. ஆனால் காட்டை மரக் கம்பெனிக்குக் குத்தகைக்கு விடப்போகிறார்கள், அதற்கு முன்னால் எங்களுக்கு உரிமை உண்டா என்று கேட்கிறார்கள் என்பதைப் படி இறங்கி வெளியே வந்த பிறகுதான் தெரிந்துகொண்டோம்.

2. தாங்கள் கேட்டது, "இந்தக் காடு உங்களுக்குச் சொந்தமா?" எங்கள் பேச்சில் சொந்தம் என்றால் உறவு. வேறு பொருள் கிடையாது. எல்லோரும் ஒரே குரலில் "சொந்தம்தாங்க" என்றோம். "எந்த வழியில சொந்தம்?" என்று எழுத்தர் கேட்டார். மற்றவர்கள் யோசித்துக்கொண்டிருந்தார்கள். எனக்கு யோசித்துப் பழக்கமில்லை. "சம்பந்தி வழியில சார்" என்றேன். "அப்போ சொத்து உங்களுது இல்லையா?" என்றார். "நல்லா கேட்டீங்க போங்க! சம்பந்தி வீட்டுச் சொத்துக்கு ஆசைப்பட்டா நாலு பேரு சிரிக்க மாட்டாங்களா?" என்றேன். அறையே சிரித்தது. தாங்களும் டீ டம்ளரைக் கீழே வைத்துவிட்டுச் சிரித்தீர்கள். ஒரு அதிகாரியைச் சிரிக்க வைத்துவிட்டோம் என்று வழி நெடுகப் பெருமை பேசிக்கொண்டு வந்தவள் நான்.

3. அந்தச் சம்பந்தி யார் என்று சொல்ல வேண்டியது என் கடமை. எங்கள் ஆட்கள் முதலில் வந்தபோது இந்தக் காட்டுக்கு ஒரு பெண்ணைக் கட்டிக் கொடுத்தார்கள். அன்றிலிருந்து நாங்கள் பெண் வீட்டார். பெண் கொடுத்த இடத்தில் எப்படி நடந்துகொள்வார்களோ அப்படித்தான் நடக்கிறோம். வெளியே நின்று குரல் கொடுக்காமல் உள்ளே போவதில்லை. போட்டதைச் சாப்பிடுவோம், சட்டியை வழிப்பதில்லை. தேனடையில் கொஞ்சம், கிழங்கில் தலைப்பக்கம் அங்கேயே விட்டு வருவோம். என் வீட்டுக்காரர் பாறையில் ஏறும்போது தேனீயை "மாப்ளே" என்றுதான் கூப்பிடுவார். கொட்டினாலும் திட்ட முடியாது, மாப்பிள்ளையாயிற்றே. வேடிக்கையாக எழுதுகிறேனே தவிர, இது வேடிக்கை இல்லை ஐயா. எங்கள் பெண் அங்கே இருக்கிறாள். அவள் தலை குனியும்படி அங்கே ஒரு பச்சை மரத்தை யாரும் வெட்டியதில்லை.

4. உத்தரவு வந்தது. "மேற்படி காடு தங்கள் உறவினர் ஒருவருக்குச் சொந்தமானது என்றும், அதில் தங்களுக்கு ஆசை இல்லை என்றும் ஒப்புக்கொண்டபடியால்" நாங்கள் மழைக்கு முன் காலி செய்ய வேண்டுமாம். பேருந்து நிலையத்துக்குப் பின்னால் குடும்பத்துக்கு ஓர் அறை தருவார்களாம். பார்த்துவிட்டு வந்தேன். சன்னலைத் திறந்தால் அடுத்த வீட்டுச் சுவர். என் வீட்டுக்காரர் அங்கே எதில் ஏறுவார்? உத்தரவோடு சம்பந்திக்கும் தனியாக ஒரு நோட்டீஸ். அடையாளச் சான்றோடு நேரில் வர வேண்டுமாம். கொண்டுவந்த சேவகர் "சம்பந்தி வீடு எதும்மா?" என்று கேட்டார். கை காட்டினோம். கொஞ்ச நேரம் நின்று பார்த்துவிட்டு, ஒரு மரத்தில் ஒட்டிவிட்டுப் போய்விட்டார்.

5. அன்றிலிருந்து எனக்கு வெளியே தலை காட்ட முடியவில்லை. என் நாத்தனார் என்னோடு பேசுவதில்லை. கூடையோடுதான் பேசுகிறாள். "சில பேரு வாயைத் தொறந்தா குடியே காலியாகுது, தெரியுமா?" என்று அதைக் கேட்கிறாள். கூடை பதில் சொல்வதில்லை. நானும் சொல்வதில்லை. என்னைத் தெரிந்தவர்களுக்கு அது எவ்வளவு பெரிய விஷயம் என்று தெரியும். வீட்டுக்காரர் மட்டும், "எல்லாருந்தான் சொன்னோம், விடு. நீ கொஞ்சம் சத்தமா சொல்லிட்ட" என்றார். ஆறுதல் சொன்னாரா, குத்திக்காட்டினாரா என்று இன்னும் விளங்கவில்லை.

6. தங்கள் அலுவலக வாசலில் மனு எழுதித் தருபவரிடம் போனேன். "எங்கள் சொத்து என்று ஒரு வரி இல்லாவிட்டால் எந்த அதிகாரியும் மனுவைத் தொடமாட்டார் அக்கா" என்றார். அவர் கையால் அதை எழுத விடவில்லை. பேசிக் கெடுத்தவள்தானே எழுத வேண்டும்? எழுதுகிறேன்.

இந்தக் காடு எங்கள் சொத்து.

எழுதிவிட்டேன். பெண்ணைக் கொடுத்துவிட்டு வீட்டையும் கேட்கிற ஈனப் புத்தி இது. இதை எழுதத்தான் வேண்டும் என்று முடிவு செய்துவிட்டு நேற்று கிழங்குக்குப் போனவள், குரல் கொடுக்க வாய் வராமல் காட்டோரத்திலேயே நின்றுவிட்டு வெறுங்கூடையோடு திரும்பினேன்.

7. ஆகவே, உத்தரவை நிறுத்திவைக்க வேண்டும். மறு விசாரணை முடியும்வரை கம்பெனி ஆட்கள் வேலி போடவோ, மரத்தில் குறி வைக்கவோ கூடாது என்று சொல்ல வேண்டும். அந்த விசாரணையை மாடி அறையில் வைக்காமல் தாங்களே எங்கள் பக்கம் வந்து நடத்த வேண்டும். வந்தால் "யாருக்குச் சொந்தம்" என்று கேட்காமல், "நீங்கள் போய்விட்டால் இங்கே என்ன ஆகும்" என்று கேட்டுப் பார்க்கவும். ஆளுக்கு ஆள் பதில் சொல்வார்கள். நான் பின்னால் நிற்பேன். வாயைத் திறக்க மாட்டேன்.

இன்னும் ஒரு வேண்டுகோள். இந்த மனுவை அங்கே எடுத்து வந்து சத்தமாகப் படிக்க வேண்டாம். ஆறாவது பத்தியில் உள்ள அந்த வரியைத் தங்கள் அறையிலேயே, கதவைச் சாத்திக்கொண்டு படித்துக்கொள்ளுங்கள். சம்பந்தி வீட்டார் காதில் விழக் கூடாது.

தங்கள் பதிலுக்குக் காத்திருக்கும்,

வாயாடி
(கையெழுத்து என்னுடையதே)

இடம்: சம்பந்தி வீட்டுக்கு வெளியே
நாள்: நோட்டீஸ் ஒட்டியதற்கு அடுத்த திங்கட்கிழமை