ஹில்வேயின் படத்தை யார் முடிப்பது

ஹீயுமா தீவு
அக்டோபர் 1974

அன்புள்ள மகள் ஹில்வேக்கு,

இங்கே நானும் உன் தங்கை மைமுவும் பசுவும் நலம். நீ நலமா என்று கேட்கப்போவதில்லை, இல்லை என்று உன் கடிதமே சொல்கிறது. விறகு பிளக்கும்போது வலது கையில் அடிபட்டுக் கட்டுப் போட்டிருக்கிறேன், அதனால் நான் சொல்லச் சொல்ல மைமு எழுதுகிறாள். பிழை இருந்தால் அவளைத் திட்டாதே, எட்டாவதோடு படிப்பை விட்டு மீன் கொட்டகைக்குப் போனவள்.

எனக்கு ஆத்திரமாக வருகிறது. ஸ்டூடியோக்காரர்கள் உன் முதல் படத்தை உன்னிடமிருந்து பிடுங்கி வேறொருவர் கையில் கொடுக்கிறார்கள், உன்னைத் தொலைக்காட்சிக்குப் பொம்மலாட்டம் எடுக்க அனுப்புகிறார்கள், நீ அதை மழை பெய்தது என்பதுபோல இரண்டு வரியில் எழுதுகிறாய். கடலுக்குப் போன படகு திரும்பாத கதை அது. இப்போது படகு திரும்பி வந்து எல்லாரும் பாடுவதாக முடிக்கப்போகிறார்களாம். கோடையில் இந்தக் கரையில் மேகம் வரட்டும் என்று ஊரையே காக்க வைத்தாய். பக்கத்து வீட்டு லெய்டாவை ஒரே மேசையைத் திரும்பத் திரும்பத் துடைக்கச் சொன்னாய். "உங்க பொண்ணு சினிமா எடுக்குறாளா, என் மேசையைத் தேய்ச்சே தீர்க்கப் பாக்குறாளா" என்று என்னிடம் கேட்டாள், ஆனாலும் மறுநாள் முதல் ஆளாக வந்து நின்றாள். புருஷனைக் கடலில் பறிகொடுத்தவள் அவள். புது முடிவைச் சொன்னதும், "அப்போ அந்தப் படகுலயே எங்க வீட்டு ஆளையும் ஏத்தி அனுப்பச் சொல்லுங்க" என்றாள்.

கூட்டத்தில் ஸ்டூடியோத் தலைவர் "உங்களுக்கு ஆட்சேபணை உண்டா" என்று கேட்டாராம், நீ கோபத்தில் வாயே திறக்கவில்லையாம், அவர் சம்மதம் என்று எழுதிக்கொண்டாராம். நம் தீவில் பேசாமல் இருந்தால் "முடியாது" என்று அர்த்தம். போன வாரம் லெய்டா ரம்பத்தை இரவல் கேட்டாள், நான் அடுப்பைப் பார்த்துக்கொண்டிருந்தேன், "சரி, வேற வீட்டுல கேட்டுக்கறேன்" என்று வருத்தமில்லாமல் போய்விட்டாள். மாஸ்கோவிலிருந்து வந்த அந்தத் தலைவருக்கு இது எப்படித் தெரியும்? செவ்வாய்க்கிழமை மறுபடி கூட்டம் என்று எழுதியிருக்கிறாய். எழுந்து நின்று, முடியாது, என் படத்தை நான்தான் முடிப்பேன் என்று வாய்விட்டுச் சொல். கொடுக்காவிட்டாலும் போகட்டும், நீ ஒப்புக்கொண்டாய் என்று ஒருவரும் எழுதக் கூடாது.

புகை போட்ட மீனும் கம்பளிக் காலுறையும் அனுப்பியிருக்கிறேன். கூட்டத்துக்கு வெறும் வயிற்றோடு போகாதே. கடவுள் உன் பக்கம் நிற்கட்டும். செவ்வாய்க்கிழமையை மறக்காதே.

உன் அப்பா,
ஆகுஸ்ட்

அக்கா, இது மைமு. அப்பா இவ்வளவு பேசி நான் கேட்டதே இல்லை, நடுவில் பென்சிலைச் சீவ வேண்டியதாயிற்று. இதை நேற்று எழுதினோம். இன்று கொட்டகையில், வெளியூரிலிருந்து புதிதாக வந்திருக்கும் மேற்பார்வையாளர், "ஞாயித்துக்கிழமையும் வருவேல்ல" என்று கேட்டார். நான் எப்போதும்போலத் தரையைப் பார்த்தேன். அவர் வருகிறவர்கள் பட்டியலில் என் பெயரை எழுதப் போனார். வரமாட்டேன் என்றேன். சத்தம் குறைவுதான். ஆனால் அவருக்குக் கேட்டுவிட்டது.