தோடம்பழத் தோல் கொதிக்கும் வாசனை

செவ்வாய்க்கிழமை, ஹல்துமுல்லை.

இன்றும் மழை விடவில்லை. என் கணவருக்குத் துவைத்துப் போட்ட போர்வை ஒன்றுகூடக் காயவில்லை. பாரிசவாதம் வந்து அவர் படுத்ததிலிருந்து வீட்டில் மூத்திர வாடை. எவ்வளவு கழுவினாலும் போவதில்லை. அதனால்தான் தோடம்பழத்தின் ஆரஞ்சுத் தோலை வீசாமல் அடுப்புக்கு மேலே காயவைத்துச் சேர்க்கிறேன். யாராவது வருகிறார்கள் என்றால், ஒரு பிடி தோலும் கறுவாப்பட்டையும் போட்டுத் தண்ணீரைக் கொதிக்க விடுவேன். அவர் அறைக் கதவையும் சாத்திவிடுவேன். போன வாரம் மகளைப் பெண் பார்க்க வந்தபோதும் அப்படித்தான். மாப்பிள்ளையின் அம்மா, "வீடு நல்லா வாசமா இருக்குங்க" என்றாள். எனக்குப் பெருமையாகக்கூட இருந்தது.

இன்று யாரும் வருவதாக இல்லை. மலையில் நனைந்து தேயிலைக் கொழுந்து பறித்துவிட்டு வந்தவளுக்கு அந்த வாடை தாங்கவில்லை. நானும் மனுஷிதானே. எனக்காகத்தான் கொதிக்கவைத்தேன்.

கொஞ்ச நேரத்தில் உள்ளேயிருந்து அவர் கூப்பிட்டார். வாய் கோணிப்போன பிறகு அவர் பேச்சு எனக்கு மட்டும்தான் விளங்கும்.

"யாரு வர்றாங்க?"

"யாரும் வரலைங்க. ஏன் கேக்குறீங்க?"

"தோலு வாசம் வருதே. கதவச் சாத்த மறந்துட்ட."

நான் கரண்டியோடு அவர் அறை வாசற்படியில் நின்றேன். நான் சொன்னதை அவர் நம்பவில்லை. வேலை செய்கிற அந்த ஒரு கையால் போர்வையைப் பிடித்து, முகம் மூடும்வரை மெதுவாக இழுத்துக்கொண்டார்.