மூன்று முறை பாய் தாழ்த்தும் பெயர்

ஜூன் 3, திங்கள்

நேற்று என் மாமனார் பார்ட்லி மாமா வீட்டில் மதியச் சாப்பாடு. உருளைக்கிழங்கைத் தோலுரித்துக்கொண்டே அவர் என் வயிற்றைப் பார்த்து, "என்ன பார்ட்லி, சாப்ட்டியா?" என்று கேட்டார். மேசையில் எல்லோரும் சிரித்தார்கள். நானும் சிரித்துத் தொலைத்தேன். காரில் ஏறியதும் என் கணவன் ஃபெஸ்டியைப் பிடித்துக்கொண்டேன். பாவம், அவன் என்ன செய்வான்? பையன் என்று ஸ்கேனில் தெரிந்த நாளிலிருந்து அவனுக்கு இரண்டு பக்கமும் இடி.

அவர்கள் வீட்டுக் கணக்கு எளிது. பார்ட்லியின் மகன் ஃபெஸ்டி, ஃபெஸ்டியின் மகன் பார்ட்லி. கோயில் பதிவேட்டில் எட்டுத் தலைமுறைக்கு இப்படியே மாறி மாறி வருகிறது. முதல் பையனுக்கு அப்பாவைப் பெற்றவர் பெயர், இரண்டாவது பையனுக்கு அம்மாவைப் பெற்றவர் பெயர். எங்கள் கார்னா ஊரில் இதை யாரும் எழுதி வைக்கவில்லை, மீறுபவரும் இல்லை. நியாயம்தான். ஆனால் எனக்கு நாற்பத்தொரு வயது. பதினோரு வருடம் காத்திருந்து இந்த ஒன்று. இரண்டாவது பையன் எங்கிருந்து வருவான்? நான் கணக்கு டீச்சர், இந்தக் கணக்கு எனக்குத் தெரியும்.

என் அப்பா பெயர் மக் தாரா.

ஜூன் 5, புதன்

உப்புக் கடற்பாசி ஒரு பொட்டலம் முழுவதும் நானே தின்றேன். உள்ளே இருப்பவர் நடனமாடினார்.

ஜூன் 9, ஞாயிறு

டப்ளினிலிருந்து பழைய சினேகிதி போன் செய்தாள். யோசித்திருக்கும் பெயரைச் சொன்னேன். அது குடும்பப் பெயர் மாதிரி இருக்கிறதே, முதல் பெயர் எங்கே என்று கேட்டாள். அயர்லாந்திலேயே பிறந்து வளர்ந்தவள்! இந்தக் கரையை விட்டு ஐம்பது மைல் போனால் யாருக்கும் இந்தப் பெயர் தெரிவதில்லை. எனக்கு உற்சாகம் வந்துவிட்டது, முக்கால் மணி நேரம் வகுப்பு எடுத்தேன்.

மக் தாரா என்றால் தாராவின் மகன். கருவாலி மரத்தின் மகன் என்றும் பொருள் சொல்வார்கள். எங்கள் பாய்ப்படகின் அடிமரமும் விலா எலும்பும் அந்த மரம்தான், அதனால் எனக்கு இரண்டாவது பொருள்தான் பிடிக்கும். எதிரே தீவில் கல்கோயில் கட்டிக்கொண்டு ஆயிரத்து நானூறு வருடமாக இருக்கும் எங்கள் புனிதர் அவர். அவருக்குச் சொந்தமாக ஒரு பெயர் உண்டு. அதற்கு நரி என்று அர்த்தம். கடலுக்குப் போகும்போது நரி எதிர்ப்பட்டால் வலையைச் சுருட்டிக்கொண்டு வீடு திரும்புகிறவர்கள் நாங்கள். நரி என்ற சொல்லையே படகில் சொல்ல மாட்டோம். அதனால் அவருடைய சொந்தப் பெயரை ஓரமாக வைத்துவிட்டு, தகப்பன் பெயராலேயே கூப்பிட்டுக் கூப்பிட்டு அதுவே நிலைத்துவிட்டது. அந்தத் தீவைத் தாண்டும் எந்தப் பாய்ப்படகும் பாயை மூன்று முறை தாழ்த்தி ஏற்றும். இந்தப் பெயர் உள்ளவனுக்குக் கடல் வணக்கம் சொல்கிற மாதிரி என்று சொன்னேன். சினேகிதி கேட்டுவிட்டு, எனக்கே ஒரு பையன் வேண்டும்போல இருக்கிறது என்றாள்.

அப்பா விசைப்படகில் போனால்கூடத் தீவுக்கு எதிரே தொப்பியை மூன்று தடவை தூக்குவார். திருநாள் படகுப் பந்தயத்தில் ஒரு தடவைகூட ஜெயித்ததில்லை. ஒரே ஒரு வருடம், எனக்கு மூன்று வயதாக இருக்கும்போது, ஜெயிக்கிற நிலையில் இருந்தாராம். பார்ட்லி மாமா முந்திக்கொண்டார். கேட்டால், காற்று விட்டுப் போச்சு என்பார் அப்பா. அதற்குமேல் ஒரு வார்த்தை வராது.

அவர் போய் ஐந்து வருடம். தம்பி ஸ்டிஃபானுக்கு மூன்றும் பெண். அந்தப் பெயருக்கு எங்கள் குடும்பத்தில் மிச்சம் இருக்கிற ஒரே ஆள் என் வயிற்றுக்குள் உதைத்துக்கொண்டிருக்கிறான்.

ஜூன் 16, ஞாயிறு

இன்று சொல்லிவிட்டேன். பன்றி இறைச்சியும் முட்டைக்கோசும் பரிமாறி முடித்த கையோடு, பையனுக்கு மக் தாரா என்று வைக்க எனக்கு ஆசை மாமா என்றேன். மாமா கத்தியையும் முள்கரண்டியையும் கீழே வைத்தார்.

எங்கள் ஊர் வழக்கத்தையே எடுத்து வாதாடினேன். இங்கே யாரையும் தனிப்பெயரால் சொல்வதில்லை. சொந்தப் பெயர், அதன்பின் அப்பா பெயர், அதன்பின் தாத்தா பெயர் என்று சரம்போல வரும். இவன் யாராக இருந்தாலும் பின்னால் ஃபெஸ்டி பார்ட்லி என்று ஊர் சேர்த்துத்தான் கூப்பிடும்.

"உங்க பேரு எப்படியும் வால்ல வந்துரும் மாமா. எங்கப்பா பேரு எங்க வரும், சொல்லுங்க."

"வால்ல உக்கார்ற ஆளா நான்?" என்றார். "முன்னாடி உக்காந்தே பழகிட்டேன் புள்ள."

அப்புறம் எழுந்து, அலமாரியில் இருந்த அந்தப் பழைய வெள்ளிக் கோப்பையை எடுத்துத் துணியால் துடைத்தார். அப்பாவை ஜெயித்து வாங்கியதுதான். துடைத்தபடியே ஒரு யோசனை சொன்னார். ஜூலை 16 புனிதர் திருநாள். அன்றைக்குப் பந்தயத்தில் அவருடைய 'நீர்க்காகம்' ஓடும், என் அப்பாவின் 'ஹனோரா'வை ஸ்டிஃபான் ஓட்டுவான். எந்தப் படகு முந்துகிறதோ அந்த வீட்டுப் பெயர்.

ஃபெஸ்டி வேண்டாம் என்று கண்ணால் கெஞ்சினான். நான் சரி என்றேன். ஏன் சொன்னேன்? ரத்தம் அப்படி. அப்பா ஒரு தடவையும் ஜெயிக்காத படகு அது, தெரிந்தும் சொன்னேன்!

ஜூன் 17, திங்கள்

ஸ்டிஃபானுக்கு போன் செய்தேன். "அக்கா, உனக்குப் பைத்தியமா?" என்றான். ஒரு நிமிடம் கழித்து, "புதுப் பாய் ஒண்ணு கேட்டு வெச்சிருக்கேன்" என்றான். குரலில் சிரிப்பு.

ஜூன் 29, சனி

ஊர் இரண்டாகப் பிரிந்துவிட்டது. கடையில் ரொட்டி வாங்கப் போனால், பார்ட்லி எப்படி இருக்கிறான் என்று ஒருத்தி கேட்கிறாள், மக் தாரா உதைக்கிறானா என்று இன்னொருத்தி. பாதிரியார் நடுநிலை என்கிறார். ஆனால் ஸ்டிஃபான் படகுக்குச் சாயம் அடிக்கும்போது அவர் தூரிகை பிடித்ததை நான் பார்த்தேன்.

ஃபெஸ்டி தன் அப்பாவின் படகில்தான் போவான். போகாவிட்டால் வீட்டில் பூகம்பம். "நீ யாருக்கு வேண்டிக்குவ?" என்று கேட்டேன். "கடல்ல விழாம இருக்க வேண்டிக்குவேன்" என்றான்.

ஜூலை 8, திங்கள்

கால் வீங்கிவிட்டது. செருப்பு ஏறவில்லை. சந்தோஷமாக இருக்கிறேன்.

ஜூலை 15, திங்கள்

காற்று மாறிவிட்டது. வழக்கமாகப் பந்தயப் பாதை தீவுக்கு இந்தப் பக்கத்தோடு முடிந்துவிடும், யாரும் தீவைத் தாண்ட வேண்டியதில்லை. இந்த முறை படகுகள் சுற்றித் திரும்புகிற மிதவையைத் தீவுக்கு வெளிப்புறம் கட்டப் போகிறார்களாம். முப்பத்தெட்டு வருடத்துக்கு முன் ஒரே ஒரு தடவை இப்படிக் கட்டினார்களாம். அதாவது அப்பா தோற்ற வருடம்.

மாமாவிடம் ஃபெஸ்டி இதைச் சொன்னபோது அவர் தேநீரை அப்படியே வைத்துவிட்டு வெளியே போய்விட்டாராம். பயந்துவிட்டார் என்று நினைத்துக்கொண்டேன். அல்பத்தனமாகக் கொஞ்சம் மகிழ்ந்தேன்.

ஜூலை 16, செவ்வாய். புனிதர் திருநாள்

இதை இன்றே எழுதியாக வேண்டும்.

காலையில் ஊரே படகேறித் தீவுக்குப் பூசைக்குப் போனது. என்னை ஏற்றவில்லை. பெரியம்மா வீட்டுக்குப் பின்னால் இருக்கிற பாறையில் நாற்காலி போட்டுத் தொலைநோக்கியும் கொடுத்து உட்கார வைத்தார்கள். ஒரு வகையில் நல்லதாயிற்று. நான் பார்த்ததை அங்கே இருந்தவர்கள் யாரும் அவ்வளவு தெளிவாகப் பார்த்திருக்க முடியாது.

ஒன்பது படகு கிளம்பியது. மிதவையைச் சுற்றும்போது இரண்டுதான் முன்னால், மற்றதெல்லாம் எங்கோ பின்னால். மாமாவின் படகு முதலில், 'ஹனோரா' ஒரு படகு நீளம் பின்னால். கத்திக்கொண்டே இருந்தேன், பெரியம்மா என் தோளை அழுத்திப் பிடித்துக்கொண்டாள். தீவுக் கோயிலுக்கு நேரே வந்தார்கள். அப்போது மாமாவின் பெரிய பழுப்புப் பாய் சரிந்தது. கயிறு அறுந்துவிட்டது என்றே நினைத்தேன். பாய் ஏறியது. மறுபடி தாழ்ந்தது. மறுபடி ஏறியது. மூன்றாவது முறையும் தாழ்ந்து ஏறியது. படகு அப்படியே தள்ளாடி நின்றது.

என் தம்பியின் பாய் அசையவே இல்லை. நேராகப் போனான். மாமாவைத் தாண்டி, தீவைத் தாண்டி, பறந்துபோய் ஜெயித்துவிட்டான்.

பாறைமேல் இருந்த பிள்ளைகள் குதித்தார்கள். நான் குதிக்கவில்லை. வயிற்றைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்திருந்தேன். அடப் பாவி. மக் தாரா என்ற பெயரை ஜெயிக்கப் போய் மக் தாராவுக்கே பாய் தாழ்த்தாமல் போனவன் இந்த ஊரில் இவன் ஒருத்தனாகத்தான் இருப்பான்.

சாயங்காலம் வந்தான். முகம் வெளுத்திருந்தது. படித்துறைக்கு வந்து எல்லோரும் தோளில் தூக்கின பிறகுதான் அவனுக்கு உறைத்திருக்கிறது.

"மறந்தே போய்ட்டேன்க்கா. பேர ஜெயிக்கணும் ஜெயிக்கணும்னு போய், பேருக்காரரையே மறந்துட்டேன்."

திட்டத்தான் வாயெடுத்தேன். அழுதுவிட்டேன். அவனும் அழுதான். பிறகு இருவரும் கானாங்கெளுத்தி வறுத்துச் சாப்பிட்டோம்.

ஃபெஸ்டி சொன்னது இது. மாமா 'இறக்கு' என்று கத்தியதும் படகில் யாரும் நம்பவில்லையாம், இவருக்கு என்ன ஆயிற்று என்று ஒருவரையொருவர் பார்த்தார்களாம். தோற்று வந்தவர் தானே பாயை மடித்துக் கட்டினாராம். கோபமே இல்லையாம்.

ஜூலை 17, புதன்

காலையிலேயே ஸ்டிஃபான் தனியாகப் படகை எடுத்துக்கொண்டு போய்த் தீவுக்கு எதிரே பாய் தாழ்த்தியிருக்கிறான். மூன்று முறை இல்லை, ஒன்பது முறை. தனக்கு மூன்று, நேற்றுப் பந்தயத்தில் கூட வந்த இரண்டு பேருக்கும் மும்மூன்று. கரையில் நின்றவர்கள் எண்ணிக்கொண்டிருந்தார்களாம். வெகு காலத்துக்குச் சொல்லிச் சிரிப்பார்கள்.

நான் மாமாவுக்கு போன் செய்தேன். நேற்று இரவு முழுவதும் யோசித்து எடுத்த முடிவு. "அப்படி ஜெயிச்சு அந்தப் பேரு எனக்கு வேணாம் மாமா. நீங்கதான் மரியாதை செஞ்சீங்க. பார்ட்லின்னே வெச்சிருவோம்."

அவர் போனை வைத்துவிட்டார்.

பார்ட்லி. பார்ட்லி ஃபெஸ்டி பார்ட்லி. சொல்லிச் சொல்லிப் பார்க்கிறேன். நல்ல பெயர்தான். அப்பா, மன்னித்துக்கொள்.

ஜூலை 18, வியாழன்

மதியம் ஜன்னல் வழியாகப் பார்த்தால் மாமா ஆட்டுத் தீவனச் சாக்கு ஒன்றைத் தூக்கிக்கொண்டு வருகிறார். ஃபெஸ்டி வேலைக்குப் போயிருந்தான். மேசையில் சாக்கை வைத்தார், உள்ளேயிருந்து அந்த வெள்ளிக் கோப்பையை எடுத்தார். தேநீர் வேண்டாம் என்றார். இந்த மனிதர் தேநீர் வேண்டாம் என்று சொல்லி நான் கேட்டதே இல்லை.

"உங்கப்பன் அன்னைக்கு ஏன் தோத்தான்னு தெரியுமா?"

காற்று விட்டுப் போச்சு என்றேன், சிறு வயதிலிருந்து கேட்டதை அப்படியே.

"காத்து நல்லாத்தான் இருந்துச்சு. தீவுக்கிட்ட எனக்கு முன்னாடி இருந்தான். மூணு தடவ பாய எறக்குனான். நான் எறக்கல. பாத்துக்கிட்டே தாண்டிப் போனேன். எங்க ரெண்டு படகத் தவிர அங்க யாரும் இல்ல, தூறல்ல கரையும் தெரியல. படகுல இருந்தவங்களும் வாயத் தெறக்கல."

சற்று நேரம் கோப்பையின் கைப்பிடியைத் தடவிக்கொண்டிருந்தார். கரைக்கு வந்ததும் அப்பா அவர் கையைப் பிடித்துக் குலுக்கினாராம். கேட்டவர்களிடம் எல்லாம் காற்று விட்டுப் போச்சு என்றே சொன்னாராம். சாகிற வரை காட்டிக் கொடுக்கவில்லை.

"முப்பத்தெட்டு வருஷமா இது என் அலமாரில நின்னு என்னயப் பாக்குது புள்ள. மிதவைய வெளிய கட்டுறாங்கன்னு சொன்னதுமே முடிவு பண்ணிட்டேன். ஜெயிச்சாலும் தோத்தாலும் எறக்கிறதுன்னு."

எத்தனை தடவை அப்பாவைக் கேலி செய்திருக்கிறோம், ஒரு பந்தயம்கூட ஜெயிக்காத படகோட்டி என்று! அவரும் சேர்ந்து சிரிப்பார். சிரித்துக்கொண்டே உட்கார்ந்திருப்பார்! எனக்குப் பெருமையும் கோபமும் ஒன்றாக வந்தது. அந்தப் பெருமையில் வயிற்றுக்குள்ளிருந்து ஒரு உதை விழுந்தது, மாமாவே பார்த்துவிட்டார்.

வாசல் வரை போனவர் திரும்பி நின்றார். புனிதரே தன் பெயரை விட்டுவிட்டுத் தகப்பன் பெயருக்குப் பின்னால் உட்கார்ந்தவர்தானே, எனக்கு மட்டும் என்ன கேடு என்றார். "மக் தாரான்னே வை. எனக்கு வால் போதும்."

ஜூலை 22, திங்கள்

வந்துவிட்டான். நேற்றுக் காலை பதினொன்று இருபதுக்கு, கால்வே மருத்துவமனையில். மூன்று கிலோ அறுநூறு. தலை முழுக்கச் செம்பட்டை முடி, நரி நிறம். ஸ்டிஃபான் பார்த்துவிட்டு, இதைப் படகில் சொல்லாதே அக்கா என்றான். தையல் பிரிகிற அளவுக்குச் சிரித்தேன்.

தாதி பெயர் கேட்டாள். சொன்னேன். மறுபடி கேட்டாள். மறுபடி சொன்னேன். எத்தனை தடவை வேண்டுமானாலும் கேட்கட்டும்.

ஜூலை 30, செவ்வாய்

தூக்கம் இல்லை. பால். பால். பால்.

ஆகஸ்ட் 18, ஞாயிறு

ஞானஸ்நானம் முடிந்து மாமாவின் படகில் பிள்ளையைக் கூட்டிப் போனோம். வெள்ளிக் கோப்பை எங்கள் வீட்டு ஜன்னலில்தான் இருக்கிறது. அதற்குள் போட்டு வைத்திருந்த குட்டிக் காலுறைகளில் ஒரு ஜோடியை எடுத்து மாட்டிவிட்டேன். ஸ்டிஃபான் 'ஹனோரா'வில் எங்கள் பக்கத்திலேயே வந்தான்.

தீவுக்கு நேரே வந்ததும் மாமா சொல்லாமலே ஃபெஸ்டி கயிற்றைத் தளர்த்தினான். இரண்டு படகின் பாயும் ஒன்றாகத் தாழ்ந்து ஒன்றாக ஏறியது. மூன்றாவது முறை தாழ்ந்தபோது மாமா படகின் பின்கோடியில் சுக்கானைப் பிடித்தபடி தொப்பியைக் கழற்றினார். தீவைப் பார்த்து, பக்கத்து வீட்டுக்காரரிடம் சொல்கிற குரலில், இது யார் என்று சொன்னார்.

"மக் தாரா ஃபெஸ்டி பார்ட்லி."

கடைசிப் பெயரைக் கொஞ்சம் சத்தமாகவே சொன்னார்.