லிவர்பூல் கல்லுக்கு ஒரு பெயர்

யூலை 14, திங்கள்

மூன்றாவது நாளாக வெயில். லூயிஷாம் சந்தையில் வத்தகைப்பழம் விற்பவனுக்கு மட்டும் சந்தோஷம்.

செய்ய வேண்டியவை: காதுக்கு மருந்து. மனைவி ராணியின் பஸ் பாஸ். விழா மலருக்குக் கட்டுரை, மூன்று பக்கம், ‘லிவர்பூல் துறைமுகத்தின் கடல் வரலாறு’. நடராசா அண்ணையின் படிவம்.

கடைசி இரண்டும் ஒரே விஷயம். யுத்தகாலத்தில் அத்திலாந்திக்கில் மாண்ட ஆசியக் கப்பலாட்களுக்கு லிவர்பூல் ஆற்றங்கரையில் ஒரு கல் வைக்கிறார்கள். திறப்பு விழாவுக்கு எங்கள் ஆட்கள் ஒரு மலர் வெளியிடுகிறார்கள். எண்பது வருடம் ஆறுதலாக யோசித்தவர்களுக்கு இப்போது அவசரம். பெயர் கொடுக்கக் கடைசி நேரம் 25ஆம் திகதி மாலை ஐந்து மணி.

பிளேஸ்டோவில் இருக்கும் ந. அண்ணையின் தகப்பன் வைத்திலிங்கம், கப்பலின் அடித்தட்டில் கொதிகலனுக்குக் கரி அள்ளிப் போட்டவர். மகன் வயிற்றில் இருக்கும்போது கொழும்பில் ஏறினார். லிவர்பூலில் இருந்து புறப்பட்ட கப்பலை நீர்மூழ்கி அடித்தது. ஒருவரும் தப்பவில்லை என்று கடிதம். தாய் தாலிக்கொடியைக் கழற்றினார். ஒரு படம்கூட இல்லை. 84 வயதில் ந. அண்ணைக்கு ஒரே ஆசை, அந்தப் பெயரைக் கல்லில் தடவிப் பார்ப்பது.

இதற்கு நான் தெரிவானதற்குக் காரணம்: முப்பது வருடம் கவுன்சிலில் மொழிபெயர்ப்பாளன். கப்பல் புத்தகம் வாசிப்பவன். கப்பலில் ஏறினால் வாந்தி எடுப்பவன் என்பதை ஒருவரும் விசாரிக்கவில்லை.

யூலை 16, புதன்

தூறல். கட்டுரை ஒன்றரைப் பக்கம்.

லிவர்பூல்: முதலில் அடிமைகளை ஏற்றிப் பணக்காரரானார்கள், பிறகு பருத்தி, பிறகு நல்லவர்கள் ஆனார்கள். யுத்தத்தில் நகர நடுவே ஒரு கட்டடத்தின் நிலவறைதான் அத்திலாந்திக் போரின் மூளை. சுவர் முழுக்க வரைபடம், அதில் கப்பல்கள். ஒவ்வொரு கப்பலும் எங்கே நிற்கிறது என்று அதிகாரிகளுக்குத் தெரியும். உள்ளே யார் நிற்கிறார்கள் என்பது தேவைப்படவில்லை. வாசித்த நான்கு புத்தகங்களிலும் ஆசிரியர்கள் மேல்தட்டோடு திரும்பிவிட்டார்கள். கொதிகலன் அறைக்கு ஏணி இருந்ததாகவே தெரியவில்லை.

மலருக்கு இதுவரை வந்தவை: வாழ்த்துரை 9. கட்டுரை 0. ஒரு வாழ்த்துரையில் ‘கப்பலோடு கடலில் மூழ்கியும் கடமை தவறாத மாவீரன் வைத்திலிங்கம்’.

படிவத்தில் 7ஆம் கேள்விக்கு ஆதாரம் வேண்டும். நாளை கியூவில் இருக்கும் தேசிய ஆவணக் காப்பகத்துக்கு. பழைய கப்பல் பதிவேடுகள் அங்கே.

யூலை 17, வியாழன்

கியூ. குளிரூட்டியில் காது வலி. பென்சில் மட்டும்தான் அனுமதி.

11.20 பதிவேடு கிடைத்தது. கப்பல் சரி. பெயர் சரி. ஊர், வயது, தகப்பன் பெயர், எல்லாம் சரி. எதிரே இடது பெருவிரல் அடையாளம். படமே இல்லாத மனிதரின் விரல். கொஞ்ச நேரம் பார்த்துக்கொண்டிருந்தேன்.

அதே வரியின் கடைசிக் கட்டம்: விலகிய இடம், லிவர்பூல். காரணம், கப்பலை விட்டு ஓடிவிட்டார்.

மூன்று தரம் வாசித்தேன். கண்ணாடியைத் துடைத்து நாலாம் தரம். கப்பல் புறப்பட்டது அதற்கு இரண்டு நாள் கழித்து. கடலில் மூழ்கித் தாண்டது ஒன்பதாம் நாள்.

பக்கத்தின் அடியில் வேறு மையில் இன்னொரு வரி. வாசிக்கவில்லை. கண் மேல் வரியிலேயே நின்றது. முழுப் பக்கத்துக்கும் நகல் எடுத்தேன். கொடுத்த பெண் “நீங்கள் தேடியது கிடைத்ததா?” என்றாள். கிடைத்தது என்றேன்.

யூலை 18, வெள்ளி

நித்திரை இல்லை. ராணியிடம் காலையில் சொன்னேன்.

“இஞ்சாருங்கோ, உதைக் கொண்டுபோய் அந்த மனுசனிட்டக் காட்டப் போறியளோ?”

“தெரியாது.”

“அவற்ர தகப்பன் எப்பிடியும் இப்ப செத்திருப்பார்தானே. நூற்றுப் பத்து வயசு வந்திருக்கும்.”

“செத்தாரா எண்டது இல்லைக் கேள்வி. எப்ப எண்டதுதான்.”

“அந்த மனுசி எத்தினை வருசம் வெள்ளைச் சீலையோட திரிஞ்சிருப்பா. அவவும் போயிட்டா. விடுங்கோ.”

ராணி சொல்வதில் ஒரு வசதி. கப்பல் தாண்டதற்கு ஆதாரம் தனியாக உண்டு. அதை மட்டும் இணைத்தால் 7ஆம் கேள்வி முடிந்தது. இந்தப் பக்கத்தை நான் பார்க்கவே இல்லை. அகதிப் படிவத்தில் உண்மை மட்டும் எழுதிய யாழ்ப்பாணத்தான் யாராவது இருந்தால் அவன் இன்னும் விமானநிலையத்தில் இருப்பான். எத்தனை பேருடைய வாக்குமூலத்தை மொழிபெயர்த்திருக்கிறேன். ஒரு நாளும் நித்திரை கெட்டதில்லை.

காது மருந்து மறந்தாயிற்று.

யூலை 20, ஞாயிறு

கோவில். வெயில், செருப்பு வைக்கும் இடத்தில் நெரிசல். ஒதுங்கிப் போக நினைத்தேன். ந. அண்ணை கண்டுவிட்டார். ஆடி அமாவாசைக்கு மோட்ச அர்ச்சனை பதிய வந்திருக்கிறார். மகள் கௌரியும் கூட. மருந்துக் கடையில் வேலை, எதையும் நேரத்துக்குச் செய்பவள்.

தகப்பன் இல்லாத பிள்ளைகளுக்குத்தான் ஆடி அமாவாசை விரதம். தகப்பன் இருக்கும்போது பிடித்தால் அவர் ஆயுளுக்குக் கேடு என்பார்கள். ந. அண்ணை ஏழு வயதில் தொடங்கியவர்.

“ஒருக்காலும் விட்டதில்லைத் தம்பி. ஜெர்மனி அகதிக் காம்பிலயும் பிடிச்சனான். பாணும் சீஸும் தந்தவங்கள், வேண்டாம் எண்டிட்டன். உண்ணாவிரதப் போராட்டம் எண்டு நினைச்சுப் பொலிஸ் வந்திட்டுது. கோரிக்கை என்ன எண்டு கேக்கிறாங்கள்!”

“நீங்கள் என்ன சொன்னனீங்கள்?”

“அப்பா எண்டன். அவன் எழுதிக்கொண்டு போயிட்டான்.”

சிரித்தேன். ஏழு வயதில் இந்தப் பிள்ளை பட்டினி கிடந்தபோது, தகப்பன் லிவர்பூலில் எங்கேயாவது ஒரு மேசையில் முட்டை பொரித்துச் சாப்பிட்டிருக்கக்கூடும்.

கௌரி: “அங்கிள், ஃபோர்ம் ரெடியோ? வெள்ளி அஞ்சு மணி. அஞ்சு ஒண்டுக்கு எடுக்க மாட்டினம்.”

“கிட்டத்தட்ட முடிஞ்சுது.”

“கிட்டத்தட்ட எண்டால்?”

அவளுக்கு மருந்துக் கடை மூளை. தேநீர் வாங்கப் போவதாகச் சொல்லி நழுவினேன்.

யூலை 22, செவ்வாய்

மழை. கட்டுரை நகரவில்லை. வாழ்த்துரை 12.

காலை 10 மணிக்கு கௌரியின் அழைப்பு. “அங்கிள், நாளைக்கு எனக்கு லீவு. கியூவுக்குப் போய் தாத்தான்ர பேர் இருக்கிற பக்கத்தைக் கொப்பி எடுக்கப் போறன். ஃபிரேம் போட்டு அப்பாக்கு குடுக்க.”

“வேண்டாம். என்னட்ட இருக்கு.”

சொன்ன பிறகுதான் என்ன சொன்னேன் என்று விளங்கியது.

“இருக்கோ? ஏன் அங்கிள் சொல்லேல்லை? அப்ப வியாழன் கொண்டு வாங்கோ, அமாவாசை. அப்பா விரதம் முடிக்கேக்க குடுப்பம். ஆன்ரியையும் கூட்டிக்கொண்டு வாங்கோ.”

யோசித்த வழிகள்: 1. நகலில் கடைசிக் கட்டத்தை மடித்துவிடுவது. 2. வெள்ளை மை. 3. காய்ச்சல்.

மூன்றையும் ராணி கேட்டுவிட்டு, “படிச்ச மனுசன்” என்றா.

யூலை 24, வியாழன். அமாவாசை

ந. அண்ணை வீட்டுக்கு டி.எல்.ஆர். ரயில், பிறகு பஸ். நகல் கடித உறையில், உறை சேர்ட்டுக்குள். ராணி வரவில்லை, தலையிடியாம்.

ந. அண்ணை காலையில் இருந்து தண்ணீர் மட்டும். படத்துக்குப் பதிலாக ஒரு விளக்கு. வாழையிலை, சோறு, கறிகள். காத்தோட்டிக்காய்ப் பொரியலும் இருந்தது. வருடத்தில் இந்த ஒரு நாளுக்கு மட்டும் ஊரில் இருந்து வரும் கசப்புக் காய். ஃபாரஸ்ட் கேட் கடையில் வரிசையில் நின்று வாங்கினாளாம் கௌரி. காகத்துக்கு என்று தோட்டத்தில் வைத்த சோற்றைப் பெரிய வெள்ளைக் கடற்பறவை ஒன்று வந்து விழுங்கியது.

“ஓ, உதைக் கலையாத” என்றார் ந. அண்ணை. “அப்பாவுக்குத் தெரிஞ்ச பறவை.”

சாப்பிட இலையில் இருக்கப் போனார். கௌரி கையை நீட்டினாள். “அங்கிள், பேப்பர்.”

காய்ச்சல் வரவில்லை. கொடுத்தேன்.

அவள் ஆங்கிலத்தில் வாசித்தாள். முகம் கடைசிக் கட்டத்துக்குப் போய்ச் சேர்ந்ததைப் பார்த்தேன். “இது வேற ஆள்.”

“ஊர், வயசு, தகப்பன் பேர்.”

“வேற ஆள் எண்டுறன்!”

“என்ன பிள்ளை எழுதியிருக்கு?” என்றார் ந. அண்ணை. அவள் நகலை என்னிடம் திருப்பித் தந்தாள். என்னைப் பார்த்தார். முப்பது வருடத் தொழில். இதைவிடச் சின்ன வசனம் மொழிபெயர்த்ததில்லை.

“லிவர்பூலில கப்பலை விட்டு ஓடிவிட்டார் எண்டு இருக்கு அண்ணை.”

சோற்றில் இருந்து ஆவி போவது நின்றுவிட்டது.

“கப்பல் எப்ப தாண்டது?”

“புறப்பட்டு ஒன்பதாம் நாள்.”

“அப்ப அப்பா அதில இல்லை.”

“ஓம்.”

“குளிரோ அப்ப?”

“மாசி மாசம்.”

“உடுப்பு இருந்திருக்காது.” கொஞ்சம் பொறுத்து, “நான் ஜெர்மனி போடரில லொறியால குதிச்சு ஓடேக்க எனக்கு ஒரு சப்பாத்துத்தான். மற்றது லொறிக்குள்ள.”

கௌரி அழத் தொடங்கினாள், கோபத்தில். “அப்பம்மாக்கு ஒரு கடிதம் போட்டிருக்கலாம்தானே! ஒரே ஒரு கடிதம்! எத்தினை வருசம் நீங்கள் பட்டினி கிடந்தனீங்கள், ஆருக்கு?” பிறகு என் பக்கம் திரும்பி, குரலைத் தாழ்த்தி: “அங்கிள், ஒருத்தருக்கும் தெரியாது. இந்தப் பேப்பரை வைக்காமல் அனுப்புவம். பேர் கல்லில வரட்டும்.”

என் ஏற்பாடும் அதுதானே. நான் ந. அண்ணையைப் பார்க்கவில்லை.

அவர் நகலை வாங்கி மடியில் வைத்தார். பெருவிரல் அடையாளத்துக்குப் பக்கத்தில் தன் விரலை வைத்தார், தொடாமல்.

“கொதிகலன் அறையில ஒரு ஆள் குறைஞ்சா கப்பல் ஓடுமோ தம்பி?”

“ஓடாது. ஆள் எடுப்பினம்.”

“எடுத்தவையோ?”

அப்போதுதான் அந்த அடி வரியை வாசித்தேன். ஒரு வாரம் பையில் வைத்துத் திரிந்திருக்கிறேன். வேறு மை: ஆலி மியா, இப்போதைய வங்கதேசத்தின் சிலெட் ஊர், வயது 22. கரி அள்ளுபவர். லிவர்பூலில் ஏறினார். கடைசிக் கட்டம்: கப்பலோடு மாண்டார். பெருவிரல் அடையாளம், கொஞ்சம் அழிந்து.

வாசித்துச் சொன்னேன்.

“அப்பான்ர இடத்துக்கு.”

“ஓம் அண்ணை.”

“இவற்ர பேர் குடுத்திருக்கினமோ?”

கௌரி ஃபோனில் பட்டியலைப் பார்த்தாள். மேலும் கீழும் இரண்டு தரம். இல்லை.

ந. அண்ணை இலைக்கு முன்னால் இருந்தார். “பிள்ளை, சோத்தைச் சூடாக்கு. இண்டைய விரதம் அந்தப் பெடியனுக்கு.”

ஒரு முஸ்லிம் இளைஞனுக்கு ஆடி அமாவாசை. ஐயரிடம் கேட்பதில்லை என்று மூவரும் பேசாமலே முடிவெடுத்தோம். காத்தோட்டிக்காய் நல்ல கசப்பு.

யூலை 25, வெள்ளி

வானம் மப்பு. காலையில் இருந்து கணினி. வைத்திலிங்கத்தின் படிவம் அழித்தாயிற்று. ஆலி மியாவுக்குப் புதியது. பதிவேட்டுப் பக்கம் முழுதாக, மடிக்காமல் இணைத்தேன்.

மூன்று மணிக்குக் கௌரி வந்தாள், தகப்பனையும் கூட்டிக்கொண்டு. இப்போதும் அவள் தகப்பன் முகத்தைப் பார்க்கவில்லை. ஆனால் படிவத்தில் ஆலி மியாவின் ஊர் எழுத்துக்கூட்டலைத் திருத்தியது அவள்தான்.

4.31. மூன்றாம் கேள்வியில் தடை. ‘இறந்தவருக்கும் உங்களுக்கும் உள்ள உறவு.’ மனைவி, மகன், மகள், பேரப்பிள்ளை, மற்றவை. வெறுமையாக விட்டால் படிவம் நகராது.

“மகன் எண்டு போடுவமோ?” என்றேன். பழைய பழக்கம்.

“பொய் வேண்டாம்.”

“நண்பர்?”

“கண்டதே இல்லை.”

4.44. 4.46. கௌரி நகம் கடிக்கிறாள். ராணி தேநீரோடு வந்து வாசலில் நிற்கிறா.

“மற்றவை எண்டதில எழுது,” என்றார் ந. அண்ணை. “அவருக்கு ஒரு நாள் விரதம் பிடிச்ச ஆள்.”

அப்படியே ஆங்கிலத்தில் எழுதினேன். 4.52க்குப் போனது. கிடைத்தது என்று இயந்திரம் பதில் போட்டது.

மலர்க் குழுவுக்கு யார் சொல்வது? வாழ்த்துரை 14, மாவீரன் எல்லாவற்றிலும். என் கட்டுரையும் முதலில் இருந்து.

கல் திறப்பு விழாவுக்கு லிவர்பூல் போகப் பதிந்த பஸ்ஸை நிறுத்தச் சொல்லி விடவா என்று கௌரி கேட்டாள்.

“ஏன்?” என்றார் ந. அண்ணை, சப்பாத்தைப் போட்டுக்கொண்டு. “போவம். அந்தப் பெடியன்ர பேரைப் பாப்பம். பேந்து, துறைமுகத்தில இருந்து ஓடினா ஒளிக்கிறதுக்கு என்னென்ன இடம் இருக்கெண்டு பாக்க வேணும்.”